அம்மா நேர்ந்த தாலி

சின்ன வயதில் எனக்குக் காமாலை முற்றியபோது, "பிழைச்சா உன் கையால தாலி கட்டிக்குவான் சாமி" என்று அம்மா கூவாகம் கோயிலில் இருக்கும் கூத்தாண்டவருக்கு, அதுதான் பாரதக் கதையின் அரவானுக்கு, நேர்ந்துகொண்டது. அது தட்டிக்கொண்டே போய், அந்தக் குறையோடே அம்மா கண்ணை மூடியது. இந்தச் சித்திரையில்தான் அவன் அழைத்தான். வருஷம் தவறாமல் கூவாகம் போகும் திருநங்கை என் மகள், அவள்தான் கூட்டிப்போனாள்.

விழுப்புரத்தில் அறை வாடகையை ஏற்றி வைத்திருந்தார்கள். மகளைப் பார்த்ததும் இன்னும் ஏற்றினார்கள். கோயில் வாசலில் வேடிக்கை பார்க்க வந்த இளவட்டங்கள், செல்போனை நீட்டிக்கொண்டு திருநங்கைப் பிள்ளைகளை இடித்துத் தள்ளுகிறார்கள். எனக்கு ஆத்திரம் தாங்கவில்லை. "விடுப்பா, சாமியப் பாரு" என்றாள்.

பார்த்தேன். முறுக்கு மீசை, உருட்டி விழித்த கண். 32 லட்சணமும் பொருந்தி, பாரதப் போருக்குக் களப்பலியாகத் தலை கொடுக்கப்போகிற மாப்பிள்ளை! எனக்கு முன்னால் மும்பையிலிருந்து வந்த ஒரு நானி, திருநங்கைகளுக்குப் பாட்டி முறை; பின்னால் வேண்டுதலுக்கு வந்த பக்கத்து ஊர் விவசாயி. பூசாரி என் முகத்தைக்கூடப் பார்க்கவில்லை. குனியச் சொன்னார், மஞ்சள் கயிற்றைக் கழுத்தில் போட்டு முடிந்தார். ஈர மஞ்சள் பின்கழுத்தில் இறங்கியது. அடுத்து என் மகள். அப்பனுக்கும் மகளுக்கும் ஒரே மாப்பிள்ளை! அம்மா இருந்திருந்தால் சிரித்துச் சிரித்தே அழுதிருக்கும்.

ராத்திரி கற்பூரத்தைக் குவித்துக் கொளுத்தி, சுற்றிக் கும்மி. அந்த நானி சொன்னது: "எங்களுக்கு நல வாரியம் 2008ல வந்துச்சு. சென்னையில வானவில் பேரணி 2009ல. எங்கள மூணாம் பாலினம்னு ஏத்துக்கிட்ட உச்ச நீதிமன்றத் தீர்ப்பு 2014ல. அதுக்கெல்லாம் முன்னாடியே நாங்க இங்க கல்யாணப் பொண்ணுங்க சாமி."

காலையில் தேர். பின்னாலேயே பந்தலடி வரை ஓடினோம். மாப்பிள்ளை பலியானதும், அழுகளத்தில் என் தாலியையும் அறுத்தார்கள். மகளுக்கு வளையலை உடைத்தார்கள், குங்குமத்தை அழித்தார்கள். அரவானுக்கு வைத்த ஒப்பாரியில் நடுநடுவே அவள் தன் குருவின் பேரைச் சொன்னாள். போன வருஷம் போன மகராசி, வீட்டை விட்டு வந்த பிள்ளைக்குச் சோறு போட்டவள். நானும் சேர்ந்து அழுதேன். குளித்து, வெள்ளைச் சேலை கட்டி வந்தவளுக்குத் தண்ணீர் வாங்கிக் கொடுத்தேன்.

பலிசோறு ஒரு கை கிடைத்தது. குழந்தைக்காக ஏங்கும் தங்கை மகளுக்குக் கட்டி எடுத்து வந்திருக்கிறேன். உயிர் கொடுத்தாய், மகளையும் கொடுத்தாய், இன்னும் கேட்கிறேன். கோபித்துக்கொள்ளாதே, கூத்தாண்டவா!