குறியோடு திரும்பியவை எத்தனை?

மீன்வளக் கணக்கெடுப்பு வேலை என்றால், ஏரியில் இருக்கும் மீனையெல்லாம் எண்ணிவிடுவோம் என்று பலர் நினைக்கிறார்கள். எண்ணுவதில்லை, எண்ணவும் முடியாது. விகிதம்தான் போடுகிறோம். வலையில் சிக்கிய 50 மீன்களின் துடுப்பு நுனியில் சின்னதாக வெட்டி, திரும்ப விடுகிறோம் என்று வையுங்கள். அவை மற்றவற்றோடு நன்றாகக் கலந்த பிறகு மறுபடி வலை போடுகிறோம். 60 மீன் கிடைக்கிறது, 12 மீனில் வெட்டு இருக்கிறது. அதாவது ஐந்தில் ஒன்று. ஏரி முழுக்கவும் ஐந்தில் ஒன்றுக்குத்தான் குறி என்று கொண்டால், மொத்தம் 250.

பழைய யோசனைதான். 1802-இல் பிரெஞ்சுக் கணித அறிஞர் லாப்லாஸ், பிறப்புப் பதிவை வைத்து பிரான்சின் மக்கள்தொகையையே இந்த மாதிரி மதிப்பிட்டார். மீனுக்கு இதைக் கொண்டுவந்த டென்மார்க்கின் பீட்டர்சன், 1930-இல் காட்டு வாத்துகளின் கால் வளையங்களை வைத்துக் கணக்கிட்ட அமெரிக்கர் லிங்கன், இருவர் பெயரும் சேர்ந்துதான் இன்றும் சூத்திரத்துக்கு வழங்குகிறது.

கணக்கு பள்ளிக்கூடக் கணக்கு. தொல்லையெல்லாம் அந்த 12-இல் இருக்கிறது. அது வகுக்கும் எண். 12 என்பது 11 ஆனால் 250 என்பது 273 ஆகிவிடும். மூன்றே மீன் குறியோடு வந்தால் விடை 1000. அதில் ஒன்றைக் கவனிக்காமல் விட்டால் 1500! பொழுது சாயும் நேரத்தில், ஈரக் கையோடு, துள்ளுகிற மீனின் துடுப்பைப் பார்ப்பவருடைய பொறுமையில்தான் மொத்த மதிப்பீடும் நிற்கிறது. அதனால் அந்த இடத்தில் புதிதாக வந்தவர்களைத் தனியாக நிறுத்த எனக்கு மனம் வராது.

தவறு எந்தப் பக்கம் சாய்கிறது என்பதையும் கவனிக்க வேண்டும். வெட்டிய துடுப்பு வளர்ந்து குறி மறைந்தால் மதிப்பீடு கூடும். குறியிட்ட மீன் அதிர்ச்சியில் செத்தாலும், ஒருமுறை சிக்கியது வலையைக் கண்டு ஒதுங்கினாலும் கூடும். எதிர்ப்பக்கமும் உண்டு: எலிகளைக் கூண்டு வைத்துப் பிடிக்கும்போது, உள்ளே இரை கிடைக்கும் என்று பழகிய சில எலிகளே திரும்பத் திரும்ப வந்து உட்கார்ந்துகொள்ளும்; அப்போது குறையும். ஆனால் நான் பார்த்தவரை, எண் குறைந்தால் ஆயிரம் கேள்வி வரும், கூடினால் ஒருவரும் கேட்பதில்லை. இருப்பதைவிட அதிகமாகக் காட்டும் எண்தான் மீனுக்கு ஆபத்து. அதை நம்பித்தான் எவ்வளவு பிடிக்கலாம் என்று முடிவாகிறது.

புலிக் கணக்கெடுப்பவர்களைப் பார்த்தால் கொஞ்சம் பொறாமைதான். வரிகளே குறி, உதிராது, வளர்ந்து மறையாது. ஆனால் இடப்பக்க வரியும் வலப்பக்க வரியும் வேறு வேறு என்பதால், பாதையின் இருபுறமும் கேமரா வைக்க வேண்டியிருக்கிறது. அவர்களுக்கு அவர்கள் தலைவலி.

அறிக்கை என்று வந்தால் மேலே இருப்பவர்கள் கேட்பது ஒரே ஓர் எண்ணை. சிறிய எண்களில் விடை கூடிப்போவதைச் சரிசெய்யப் புள்ளியியலாளர் சாப்மன் 1951-இல் தந்த திருத்தத்தைப் போட்டால் நம் 250 சுமார் 238 ஆகிறது. பிழை வரம்போ, அதாவது உண்மை எண் அநேகமாக இருக்கக்கூடிய எல்லையோ, கிட்டத்தட்ட 140-இலிருந்து 335 வரை நீள்கிறது. "இவ்வளவு அகலமா?" என்பார்கள். சரி, ஒற்றை எண்ணையே முதலில் எழுதுகிறேன். அப்புறம் அதே வரியில், அடிக்குறிப்பில் தள்ளாமல், வரம்பையும் குறியோடு திரும்பியவை 12 என்பதையும் சேர்த்துவிடுகிறேன்.