கல்லில் ஒரு தப்பான வயது

பெல்ஜியத்தின் ஈப்பரில் ரயில் ஏறினால் கடைசி ஸ்டேஷன் போப்பரிங்கே. அதற்கு அப்பால் தண்டவாளம் கிடையாது. அங்கிருந்து வாடகை சைக்கிள். வழியெல்லாம் பியருக்குக் கசப்பு கொடுக்கும் ஹாப்ஸ் தோட்டங்கள். தூரத்தில் பார்த்தால் நம்ம ஊர் வெற்றிலைக் கொடிக்கால் மாதிரியே இருக்கிறது, உயரம்தான் மூன்று ஆள்!

நான் தேடிப்போனது ஊருக்கு மேற்கே இருக்கும் நைன் எல்ம்ஸ் கல்லறைத் தோட்டம். முதல் உலகப் போரில் காயம்பட்டவர்களை இங்கேதான் கூடாரத்தில் வைத்துப் பார்த்தார்கள். பிழைக்காதவர்களைப் பக்கத்திலேயே புதைத்தார்கள். அதில் ஒருவர் டேவ் கேலஹர். நியூசிலாந்து ரக்பி அணி 1905-06ல் பிரிட்டன் பக்கம் வந்தபோது கேப்டன். 'ஆல் பிளாக்ஸ்' என்ற பெயர் உலகம் முழுக்கப் பரவியது அந்தப் பயணத்தில்தான். மொத்தம் 35 ஆட்டம், 34 வெற்றி. தோற்றது ஒன்றே ஒன்று, கார்டிஃபில் வேல்ஸிடம் 3-0. அதிலும் நியூசிலாந்தின் பாப் டீன்ஸ் 'ட்ரை' (எதிரணிக் கோட்டைத் தாண்டிப் பந்தைத் தரையில் வைத்துப் புள்ளி எடுப்பது) வைத்தாரா இல்லையா என்ற சண்டை நூறு வருஷம் தாண்டியும் ஓயவில்லை.

அந்தப் பயணத்தில் கேலஹருக்குக் கிடைத்த பட்டம் 'ஏமாற்றுக்காரர்'. பிரிட்டிஷ் அணிகள் ஸ்க்ரம்மில், அதாவது இரு அணியும் தோளோடு தோள் முட்டிப் பந்துக்காகத் தள்ளும் இடத்தில், எட்டுப் பேரை இறக்கும். நியூசிலாந்து ஏழு பேரோடு நிறுத்திக்கொண்டு, எட்டாவது ஆளை வெளியே விட்டது. அது இவர்தான். பந்தை உள்ளே போட்டுவிட்டு நகராமல் அங்கேயே நிற்பார். எதிராளி இவரைச் சுற்றிக்கொண்டுதான், பின்னால் பந்தை எடுக்கக் காத்திருக்கும் ஹாஃப்பேக்கிடம் போகவேண்டும். பத்திரிகைகள் திட்டின, நடுவர்கள் விசில் ஊதினார்கள். என்னைக் கேட்டால், விதியில் இருந்த ஓட்டையைப் பார்த்து ஆடியது கெட்டிக்காரத்தனம்.

நிஜமாகவே அவர் பொய் சொன்னது வேறு இடத்தில். அயர்லாந்தின் ராமெல்டனில் 1873 அக்டோபரில் பிறந்தவர். 1878ல் குடும்பம் கப்பலேறி நியூசிலாந்தின் கடிகடியில் குடியேறியது. 'கேலகர்' என்ற குடும்பப் பெயர் அங்கே போய் 'கேலஹர்' ஆனது. இறைச்சி பதப்படுத்தும் கம்பெனியில் வேலை, ஆக்லாந்தின் பொன்சன்பி கிளப்பில் ஆட்டம், நடுவில் தென்னாப்பிரிக்காவில் போயர் போர். 1916ல் மறுபடி பட்டாளத்தில் சேர்ந்தபோது நாற்பதைத் தாண்டியாயிற்று. அவராகவே போனார், வயதைக் குறைத்துச் சொல்லி.

1917 அக்டோபர் 4, பாஸ்செண்டேல் பக்கம் தாக்குதலில் காயம். அன்றைக்கே இங்கே உயிர் போனது.

கல்லைக் கண்டுபிடிக்க இருபது நிமிஷம் ஆனது. எல்லாமே ஒரே அளவு வெள்ளைக் கல். கேப்டன் என்று தனிச் சலுகை ஒன்றும் இல்லை. மேலே நியூசிலாந்தின் பெரணி இலை. அடியில் யாரோ விட்டுப்போன கறுப்புக் கம்பளித் தொப்பி, மழையில் நனைந்து ஊறிக் கிடந்தது. குனிந்து படித்தேன். சார்ஜென்ட், பெயர், தேதி, வயது 41. உண்மையில் அவருக்கு 43. இன்னும் நான்கு வாரம் இருந்திருந்தால் 44.

வருகைப் பதிவேட்டை ஒரு சின்னப் பெட்டியில் வைத்திருந்தார்கள். பெயர், ஊர் எழுதினேன். குறிப்பு என்ற கட்டத்தில் '43' என்று மட்டும் போட்டுவிட்டு சைக்கிளை எடுத்தேன். கடைசி ரயிலுக்கு நேரமாகிவிட்டது.