நீந்துகிற அசையாச் சொத்து

மாமா இன்று அஸ்தம்பட்டி கோர்ட்டுக்குப் போய்விட்டு வந்தார். ஏரி மீன் குத்தகைத் தகராறு. “பணம் கட்டியாச்சு, அப்புறம் பத்திரம் எதுக்கு மாப்ள?” என்கிறார்.

ஒரு பழைய வழக்கைச் சொன்னேன். ஒடிசாவின் சிலிகா ஏரியில் சிலர் ஜமீன்தாரிடம் வாய்ப்பேச்சாக மீன்பிடி உரிமை வாங்கியிருந்தார்கள். ஜமீன் ஒழிந்து ஏரி அரசுக்குப் போனது, அரசு அந்த உரிமையை ஏற்கவில்லை. 1955இல் உச்ச நீதிமன்றமும் கைவிரித்துவிட்டது. மீன் பிடித்துக்கொண்டு போகும் உரிமை அசையாச் சொத்தில் சேர்த்தியாம். 100 ரூபாய்க்கு மேல் என்றால் எழுத்தும் பதிவும் வேண்டுமாம். ஓடுகிற மீன் எப்படி அசையாச் சொத்து என்று நானும் சிரித்தவன்தான். கணக்கு மீனுக்கு இல்லை, அந்தத் தண்ணீரில் இறங்கும் உரிமைக்கு.

மாமா கையில் இருப்பது ஒரே ஒரு ரசீது. குஞ்சாக விட்ட கட்லா இந்நேரம் கிலோவைத் தாண்டியிருக்கும்.