ஆறு பறவைக்கு ஒரு மேகக்காடு

இந்தியப் பெருங்கடலில் மொரிஷியஸுக்குப் பக்கத்தில் இருக்கும் பிரெஞ்சுத் தீவான ரீயூனியனில் பறவை பார்க்கப் போகிறேன் என்று சொன்னதும், வழக்கமாக என்னோடு வால்பாறைக்கு வரும் நண்பர்கள் இணையத்தில் தேடிப் பார்த்துவிட்டுச் சிரித்தார்கள். அந்தத் தீவில் மட்டுமே வாழும் தரைப்பறவைகள் மொத்தம் ஆறு. மொரிஷியஸோடு பங்கு போட்டுக்கொள்வது இரண்டு. மலை உச்சியில் கூடு வைக்கும் கடற்பறவைகள் இரண்டு. வால்பாறையில் காலை டீ ஆறுவதற்குள் இதைவிட அதிகம் பார்த்துவிடலாமே, இதற்கா விமானச் சீட்டு, வழிகாட்டி, மழைக்கோட்டு எல்லாம்?

நியாயமான கேள்விதான். ஆனால் அக்கா கல்யாணமாகிப் போய் அந்தத் தீவின் சேன் ஆந்த்ரே ஊரில் இருக்கிறாள். மாமா காரைக்கால்காரர், அங்கே பள்ளியில் கணக்கு வாத்தியார். எப்படியும் விமானம் ஏறத்தான் வேண்டும். அப்புறம், பட்டியலில் எண்ணிக்கை ஏற்றுகிற பழக்கம் எனக்கே கொஞ்சம் சலித்துப் போயிருந்தது. ஒரு காலைப்பொழுதில் எண்பது இனம் என்று எழுதி வைப்போம். அதில் எதையாவது பத்து நிமிடம் நின்று பார்த்தோமா என்று கேட்டால் பதில் வராது.

வழிகாட்டியை மாமாதான் பிடித்துக் கொடுத்தார். சேன் ஆந்த்ரேயிலேயே பிறந்து வளர்ந்த மல்பார் இளைஞர். கரும்புத் தோட்டத்துக்கு ஒப்பந்தக் கூலிகளாக வந்த தென்னிந்தியர்களின் வம்சத்தை அந்தத் தீவில் அப்படித்தான் அழைக்கிறார்கள். 1848இல் அடிமைமுறை ஒழிந்ததும் தோட்டங்களுக்கு ஆள் தேவைப்பட்டது. புதுச்சேரியிலும் காரைக்காலிலும் சென்னையிலும் கப்பல் கப்பலாக ஏற்றினார்கள். இவருடைய பாட்டனாரின் பாட்டனார் காரைக்காலில் கப்பலேறியவர் என்று தெரிந்ததும் மாமாவுக்கு ஒரே சந்தோஷம், போகும் வழியெல்லாம் எந்தத் தெரு, எந்தக் கோயில் என்று துளைத்தெடுத்துவிட்டார். பாவம், அவருக்கு என்ன தெரியும்? வீட்டில் பிரெஞ்சிலிருந்து பிறந்த கிரியோல் மொழி, வெளியில் பிரெஞ்சு. தமிழ், கோயில் வகுப்பில் படித்தது. அதனால் அச்சடித்த மாதிரிப் பேசுவார். "அண்ணா, தயவுசெய்து நில்லுங்கள். இடப்பக்கம் ஒரு பறவை இருக்கிறது." காட்டுக்குள் இப்படி ஒரு தமிழைக் கேட்பது தனி சுகம்.

விடிவதற்கு முன்பே தலைநகர் சேன் தெனியைத் தாண்டி, லெ புருலே வழியாக மலையேறி, மமோத் காம்ப் என்ற இடத்தில் வண்டியை நிறுத்தினோம். அங்கிருந்து பிளேன் தே ஷிக்கோ வரை ஏறுகிற பாதைதான் எங்கள் இலக்கு. இன்னும் மேலே போனால் 2,276 மீட்டரில் ரோஷ் எக்ரித் உச்சி வரும். மலையேறுபவர்கள் தலையில் விளக்கு மாட்டிக்கொண்டு எங்களைத் தாண்டி ஓடினார்கள். மேகம் மூடுவதற்குள் உச்சியிலிருந்து மஃபாத் பள்ளத்தாக்கைப் பார்த்துவிட வேண்டும் என்று அவர்களுக்கு அவசரம். எங்களுக்கு அந்த அவசரம் இல்லை. நாங்கள் மேகத்துக்குள் நிற்கத்தானே வந்திருக்கிறோம்.

கடலிலிருந்து வருகிற ஈரக்காற்று மலைச்சரிவில் முட்டி மேலேறி, குளிர்ந்து மேகமாகிறது. காலை முழுக்க வெயிலடித்தாலும் பத்து மணிவாக்கில் சரிவின் இடுப்பில் வெள்ளைப் பட்டை ஒன்று விழுந்துவிடும். அந்தப் பட்டைக்குள் வளர்வதுதான் மேகக்காடு. நம் சோலைக்காட்டைப் போலவே மரங்கள் குட்டை, முறுக்கிய கிளைகள், எதைத் தொட்டாலும் பாசி. அதோடு மரப்பெரணிகள், இந்தத் தீவில் மட்டுமே வளரும் காலுமே என்ற மூங்கில், கிளைகளில் தாடி தாடியாகத் தொங்கும் மரப்பாசி. பழக்கதோஷத்தில் கணுக்காலைக் குனிந்து குனிந்து பார்த்தேன், அட்டை ஒன்றும் ஏறவில்லை. யானை பயம் கிடையாது, நச்சுப்பாம்பு கிடையாது. எரிமலையாகக் கடலிலிருந்து எழுந்த தீவு அது, எந்தக் கண்டத்தோடும் என்றைக்கும் ஒட்டியிருந்ததில்லை. பறந்தோ மிதந்தோ வர முடிந்தவை மட்டுமே வந்து சேர்ந்தன. வௌவால் தவிரப் பாலூட்டி எதுவும் தானாக வரவில்லை. பறவைகள் குறைவாக இருப்பதற்கும் இதுவே முதல் காரணம்.

இரண்டாவது காரணம் நாம். 1660களில் மனிதர்கள் நிரந்தரமாகக் குடியேறினார்கள். அதற்குப் பிறகு கிளிகள் போயின, தீவுக்கே உரிய அரிவாள்மூக்கன் போனது, கொண்டையோடு அழகாக இருந்த ஒரு மைனா இனம் 19ஆம் நூற்றாண்டின் நடுவில் போனது. ஆறு என்பது மிச்சம்.

முதலில் வந்தது தெக்-தெக், நம் புதர்ச்சிட்டின் உறவுக்காரர். ஆணுக்குக் கருந்தலை, நெஞ்சில் ஆரஞ்சு. வந்தது என்பதைவிட வரவேற்றது என்பதே சரி. பாதையில் நமக்கு முன்னால் உட்கார்ந்து, நாம் நெருங்கினால் பத்தடி தள்ளிப் போய் மறுபடி உட்கார்ந்து, தன் எல்லை முடியும்வரை கொண்டுபோய் விட்டது. அடுத்த முடுக்கில் இன்னொன்று பொறுப்பேற்றுக்கொண்டது. பைனாகுலரே தேவைப்படவில்லை.

வெள்ளைக்கண்ணிகள் இரண்டு இனம். சாம்பல் நிறத்தது கூட்டமாக வந்து போகும், பெயர்தான் வெள்ளைக்கண்ணி, கண்ணைச் சுற்றி வெள்ளை வளையம் கிடையாது. இந்தச் சின்னத் தீவுக்குள்ளேயே அது இடத்துக்கு இடம் நிறம் மாறுகிறது. தாழ்வான பகுதியில் ஓர் ஆற்றின் இக்கரையில் ஒரு மாதிரி, அக்கரையில் ஒரு மாதிரி. மேலே காட்டில் சாம்பலும் பழுப்பும் ஒரே கூட்டத்தில். வழிகாட்டி இதிலேயே அரை மணி நேரம் எங்களை நிறுத்திவிட்டார். வேறு ஊரில் இதை அலட்சியமாக ஒரு கோடு போட்டுவிட்டு நகர்ந்திருப்பேன். பச்சை வெள்ளைக்கண்ணி வேறு ரகம், நீண்டு வளைந்த அலகால் பூவில் தேன் குடித்துவிட்டு, பக்கத்தில் யார் வந்தாலும் விரட்டும். அரசவால் ஈப்பிடிப்பானும் வந்தது, ஆனால் நம் ஊர் ஆணின் அந்த நீளவால் இதற்கு இல்லை. மாமா, "வாலை எங்கே விட்டுவிட்டு வந்தது?" என்றார்.

அதற்கப்புறம்தான் எனக்கு நன்றாகத் தெரிந்த ஒரு குரல் கேட்டது. கூர்மையான கொண்டை, கன்னத்தில் சிவப்பு. செம்மீசைச் சின்னான்! குன்னூரில் வேலிக்கு வேலி உட்கார்ந்திருக்கும் அதே பறவை. "நம் ஊர் ஆள்" என்று சந்தோஷமாகக் காட்டினேன். வழிகாட்டியின் முகம் சுருங்கிவிட்டது. மொரிஷியஸில் கூண்டுப் பறவையாக வந்து தப்பியது, 1970களில் இங்கேயும் வந்து சேர்ந்து பெருகிவிட்டது. தீவின் சொந்தச் சின்னானோடு உணவுக்குப் போட்டி போடுகிறது. அதைவிட மோசம், வெளியிலிருந்து வந்த முள்கொடியின் பழத்தையும் காட்டுக்கொய்யாவையும் தின்று விதையைக் காடெங்கும் பரப்புகிறது. அந்தச் செடிகள் புகுந்த இடத்தில் உள்ளூர் மரக்கன்று தலையெடுக்காது. மாமா விடவில்லை. "தம்பி, நீயும் நானும்கூட வெளியிலிருந்து வந்தவர்கள்தானே?" அவர் யோசிக்கக்கூட இல்லை. "மாமா, நாம் காட்டுக்குள் விதை போடுவதில்லை."

அந்தச் சொந்தச் சின்னானை நல்ல வெளிச்சத்தில் பார்த்தோம். சாம்பல் உடம்பு, கருப்புத் தொப்பி, ஆரஞ்சு அலகு, வெளுத்த கண். பூனை மாதிரி ஒரு குரல் கொடுக்கும். ஒரு காலத்தில் கறிக்காகப் பசை வைத்துப் பிடித்தார்களாம். இன்றைக்கு அது பாதுகாக்கப்பட்ட பறவை.

பாதையோரம் மரங்களின் அடியில் சின்னப் பெட்டிகள் தென்பட்டன. எலிமருந்துப் பெட்டிகள். நாங்கள் தேடி வந்த பறவை உயிரோடு இருப்பதே பெரும்பாலும் அவற்றால்தான். துயி-துயி என்கிறார்கள் அதை, குயில்கீச்சான் குடும்பம். உலகத்தில் இந்த ஒரே மலைச்சரிவில்தான், ஏறக்குறைய 16 சதுர கிலோமீட்டரில் மட்டும் இருக்கிறது. கப்பலில் வந்த எலிகள் மரமேறிக் கூட்டில் முட்டையையும் குஞ்சையும் தின்றுவிடும், பூனைகள் வேறு. தீவின் பறவை ஆய்வுச் சங்கமான செயோரும் தேசியப் பூங்காவும் சேர்ந்து வருடா வருடம் எலிகளைக் குறைப்பதால்தான் சில பத்து ஜோடிகளாவது தாக்குப்பிடிக்கின்றன. இதில் ஒரு சிக்கல் உண்டு. தீவில் கூடு கட்டும் ஒரே வேட்டைப்பறவையான பாப்பாங், நம் பூனைப்பருந்து வகை, எலியைத் தின்னும். விவசாயத்திலும் குடியிருப்பிலும் வைக்கிற எலிமருந்து அதன் உடம்பில் சேர்வது ஆய்வுகளில் தெரிந்திருக்கிறது. ஒன்றைக் காப்பாற்றும் மருந்தே இன்னொன்றின் உடம்பில் ஏறிவிடக்கூடாதே என்று கவலைப்பட வேண்டியிருக்கிறது.

போனில் குரலை ஒலிக்கவிட்டுப் பறவையை இழுப்பது கூடாது என்று வழிகாட்டி வண்டியிலேயே சொல்லிவிட்டார். எனக்கு மிகவும் பிடித்த நிபந்தனை அது. கூடு கட்டும் மாதத்தில் ஓர் ஆண் பறவை இல்லாத எதிரியைத் தேடி அலைந்துகொண்டிருந்தால், கூட்டை யார் பார்ப்பது? நம் மலைகளில் இதைச் சொன்னால் முறைக்கிறார்கள்.

பத்து மணிக்குச் சொல்லி வைத்தாற்போல் மேகம் இறங்கியது. லென்ஸில் நீர்த்துளி, கண்ணாடியில் ஆவி. இனி என்ன தெரியப்போகிறது என்று நான் பையை மூடும்போதுதான் சீழ்க்கை கேட்டது: துயி, துயி, துயி, துயி. தெளிவாக, ஒரே அளவில். வழிகாட்டி கையால் எங்களை அழுத்தி உட்கார வைத்தார். அப்படியே ஈரத்தில் உட்கார்ந்திருந்தோம். புழு தேடும் இந்தப் பறவை அவசரப்படாது, மர உச்சியில் ஒரு கிளையை முழுதாகச் சோதித்துவிட்டுத்தான் அடுத்ததற்குப் போகும். மேகம் கொஞ்சம் விலகிய நேரத்தில் சாம்பல் நிற ஆண் தெரிந்தது. மேலே அடர்சாம்பல், அடியில் வெளுப்பு, கண் வழியாக ஒரு கரும்பட்டை. அழகுப் போட்டிக்கு அனுப்பினால் முதல் சுற்றிலேயே வெளியே வந்துவிடும். அலகில் ஒரு பச்சைப்புழு. சற்று நேரத்தில் பெண்ணும் வந்தது, பழுப்பு முதுகு, வயிற்றில் மெல்லிய கோடுகள். புழு கைமாறியது. வழிகாட்டி குறிப்பேட்டில் நேரத்தையும் இடத்தையும் எழுதினார். "ஜோடி," என்றார், அவ்வளவுதான். ஆனால் இறங்கும் வழியெல்லாம் பாடிக்கொண்டே வந்தார்.

அக்கா கட்டிக்கொடுத்த புளிசாதத்தையும் அவர் கொண்டுவந்த காரமான தொத்திறைச்சிக் குழம்புச் சோற்றையும் மாற்றிக்கொண்டு சாப்பிட்டோம்.

இன்னொரு நாள் பெலூவ் காட்டுக்குப் போனோம். அங்கே தமரேன் மரங்களைப் பார்க்க வேண்டும். பெயரைக் கேட்டுப் புளியமரம் என்று நினைக்க வேண்டாம், அது வேல மர வகை. புயலில் சாய்ந்து, படுத்தபடியே கிளைகளை மேல்நோக்கி வளர்த்துக்கொண்டு நிற்கின்றன. மற்றபடி நாள் முழுக்க மழை. புகழ்பெற்ற த்ரூ தெ ஃபேர் அருவிகளைப் பார்க்கும் மேடையில் வெள்ளையைத் தவிர ஒன்றும் தெரியவில்லை. பறவைக்காக மட்டும் போகிறவர்கள் பெலூவைவிட ரோஷ் எக்ரித் பாதைக்கே இரண்டாவது காலையையும் கொடுக்கலாம். அக்டோபர், நவம்பர் நல்ல மாதங்கள். வழிகாட்டி இல்லாமல் போனால் துயி-துயி கிடைப்பது கஷ்டம், கொடுத்த காசு தகும்.

கிளம்புவதற்கு முன்தினம் வழிகாட்டி அக்கா வீட்டுக்குக் காபி குடிக்க வந்தார். கொல்லையில் பப்பாளி மரத்தில் பழுத்த பழத்தைக் குடைந்துகொண்டிருந்தது ஒரு செம்மீசைச் சின்னான். அக்காவுக்கு அதன்மேல் கொள்ளைப் பிரியம், ஊர் ஞாபகம். அவர் காபியைக் கீழே வைத்துவிட்டு, "அக்கா, தயவுசெய்து அந்தப் பழத்தை மூடி வையுங்கள்" என்றார். அக்கா முனகிக்கொண்டே பழைய புடவைத் துணியைக் கிழித்து மூடிக் கட்டினாள். மறுநாள் காலை அந்தச் சின்னான் பக்கத்து வீட்டுப் பப்பாளியில் இருந்தது. அக்கா மதில் பக்கம் நின்று, மிச்சத் துணியோடு அந்த வீட்டம்மாவைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தாள்.