டவுங்கூவில் பிறந்தவர்

நீலகிரியில் தேவாலா, பந்தலூர்ப் பக்கம் படித்தவர்களுக்கு ஜூன் மாத மழையை நான் விளக்க வேண்டியதில்லை. மைதானம் முழுக்கத் தண்ணீர். விளையாட்டு பீரியட் வந்தாலும் வகுப்புக்குள்ளேயே அடைந்து கிடப்போம். 1979இல் நான் ஏழாம் வகுப்பு. அந்த மழையில் ஒருநாள் கணக்கு சார் பெயின்ட் டப்பாவோடு வந்து, கடைசி வரிசை மேசைகள் மூன்றில் 64 கட்டம் வரைந்துவிட்டுப் போனார். மறுநாள் காய்களும் வந்தன. கறுப்பில் ஒரு யானை சீக்கிரமே தொலைந்துபோக, அந்த இடத்தில் தீர்ந்துபோன டார்ச் செல்லை நிறுத்தி ஆடினோம். என் வகுப்புத் தோழர்களுக்கு அந்த செல் நினைவிருக்கும்.

செஸ் எனக்கு முன்பே தெரியும் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். லயத்தில் தாத்தா சொல்லிக் கொடுத்திருந்தார். (தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகளைத்தான் லயம் என்போம். ஊர் மாறியும் எங்கள் வீட்டில் அந்த சிலோன் வார்த்தை மாறவில்லை.) தாத்தாவின் ஆட்டத்தில் சிப்பாய் முதல் நகர்த்தலிலும் ஒரு கட்டம்தான் போகும். ராஜா ஒரே ஒரு தடவை குதிரை மாதிரித் தாவலாம். சார் அதெல்லாம் கிடையாது என்றபோது நான் ஒத்துக்கொள்ளவே இல்லை. அவர் கோபப்படவில்லை. "உங்க தாத்தா ஆடுறது தப்பில்லடா, அது நம்ம நாட்டு ஆட்டம். ஆனா வெளியூர்க்காரனோட மோதணும்னா அவன் ஆடுற விதியும் தெரியணும்" என்றார். அப்புறம், ஊருக்கு ஒரு விதியாக ஆடிக்கொண்டிருந்தவர்களை சர்வதேச விதிக்குப் பழக்கி, ஓப்பனிங்குகளை, அதாவது ஆட்டத்தின் தொடக்க நகர்த்தல்களை, படிக்கச் சொல்லி ஊக்கப்படுத்திய ஒருவரைப் பற்றிச் சொன்னார். மானுவல் ஆரோன் என்ற பெயரை நான் முதலில் கேட்டது அன்றுதான்.

"இந்தியாவோட முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர், 1961. கிராண்ட்மாஸ்டருக்கு ஒரு படி கீழ உள்ள பட்டம் அது. எங்க பொறந்தாரு தெரியுமா? பர்மாவுல, டவுங்கூன்னு ஒரு ஊரு. வளந்தது நம்ம தமிழ்நாட்டுல."

இதை அவர் ஏன் எங்களைப் பார்த்துச் சொன்னார் என்பது வகுப்பில் பாதிப் பேருக்குப் புரிந்திருக்கும். இலங்கைத் தோட்டத் தமிழர்களில் ஒரு பகுதியினரை இந்தியாவுக்கு அனுப்ப 1964இல் கையெழுத்தான சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தால் தலைமன்னாரில் கப்பலேறி, ராமேஸ்வரத்தில் இறங்கி, மண்டபம் முகாமில் இருந்துவிட்டு மலைக்கு வந்த குடும்பங்கள் எங்களுடையவை. அரசின் டேன்டீ தேயிலைத் தோட்டத்தில் அப்பாவும் அம்மாவும் வேலைக்குப் போனார்கள். வெளியே எங்களுக்கு 'சிலோன்காரன்' என்றுதான் பெயர். ஒருமுறை வெளியூர்ப் போட்டி ஒன்றுக்குப் போயிருந்தபோது, என் பெயரைக் கேட்காமல் "அந்த சிலோன் பையனை மூணாவது போர்டுல உக்காரச் சொல்லு" என்றார் அங்கிருந்த ஒருவர். அந்த ஆட்டத்தை என்னால் ஒழுங்காக ஆட முடியவில்லை. பஸ்ஸில் திரும்பும்போது சார் எனக்கு ஜன்னல் சீட்டைக் கொடுத்துவிட்டு, ஆரோன் யூவேயை ஜெயித்த கதையைச் சொன்னார்.

அந்தக் கதையை எங்களில் பலர் மனப்பாடமாகச் சொல்வோம். நெதர்லாந்தின் மாக்ஸ் யூவே உலக சாம்பியன் ஆனது 1935 டிசம்பர் 15. ஆரோன் பிறந்தது அதே டிசம்பர் 30. சரியாகப் பதினைந்து நாள் வித்தியாசம். நாடுகள் அணியாக மோதும் செஸ் ஒலிம்பியாடில், 1960 லைப்சிக்கில், அந்த யூவேயை ஆரோன் தோற்கடித்தார். யூவே பள்ளியில் கணக்கு வாத்தியார் என்பதைச் சொல்லும்போது நம் சார் முகத்தைப் பார்க்க வேண்டும். தோற்றவர் அவர் என்றாலும் சாருக்கு அதில் ஒரு பெருமை.

ஆனால் சார் மிக அதிக நேரம் எடுத்துச் சொன்னது வேறொரு போட்டி. 1962 ஸ்டாக்ஹோம் இன்டர்சோனல். உலக சாம்பியனோடு மோதப்போவது யார் என்பதை நோக்கிப் போகும் படிகளில் ஒன்று. மொத்தம் 23 பேர். முதலிடம் பாபி ஃபிஷர். கடைசி இடம் ஆரோன். எந்த வாத்தியாரும் மறைத்துவிட்டுப் போகக்கூடிய இடம் அது. சார் மறைக்கவில்லை, பலகையில் 23 என்று பெரிதாக எழுதினார். அதற்குக் கீழே இரண்டு பெயர்: போர்டிஷ், ஊல்மன். ஹங்கேரியின் போர்டிஷையும் கிழக்கு ஜெர்மனியின் ஊல்மனையும் அதே போட்டியில் ஆரோன் ஜெயித்திருந்தார். கூடப் பேசிப் பார்க்க நாட்டில் ஒரு கிராண்ட்மாஸ்டர்கூட இல்லாத காலம். அப்படிப்பட்ட இடத்திலிருந்து தனியாகக் கிளம்பிப் போனவர் அந்த இரண்டு பேரைச் சாய்த்தது எவ்வளவு பெரிய காரியம் என்பது, பின்னால் நானே போட்டிகளில் ஆடித் தோற்றபோதுதான் எனக்கு உறைத்தது. அந்த இரண்டு வெற்றிக்காகவே நான் அவரை உயரத்தில் வைப்பேன்.

தேசிய சாம்பியன் பட்டம் மட்டும் ஒன்பது முறை. முதல் பட்டம் 1959, கடைசிப் பட்டம் 1981, அப்போது அவருக்கு 45 வயது. செஸ்ஸுக்கு முதல் அர்ஜுனா விருது வாங்கியவரும் அவரே. 1972இல் சென்னை சோவியத் கலாசார மையத்தில் தொடங்கிய டால் செஸ் கிளப்பும் அவர் முயற்சிதான். அங்கே ஆடப் பழகிய ஆனந்த் 1986இல் 16 வயதில் தேசிய சாம்பியன் ஆனார், 1988இல் நாட்டின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனார்.

சாயங்காலம் ஐந்து மணிக்குள் காய்களை எடுத்து வைத்துவிட வேண்டும். லயத்துக்குப் போகும் வழி காட்டு யானை இறங்கும் பாதை. தாமதமான நாட்களில் சார் டார்ச்சோடு எங்களை லயம் வரை கொண்டுவந்து விட்டுவிட்டு, தனியாகத் திரும்பிப் போவார். அவர் வெளிச்சம் வளைவில் மறையும் வரை அம்மா வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருப்பார்.

போன வருடம் டொரன்டோவிலிருந்து வந்தபோது பள்ளிக்குப் போனேன். சார் இல்லை. காலமாகிப் பல வருடம் ஆகிறது. மூன்று மேசைகளில் ஒன்று இன்னும் இருக்கிறது. கட்டங்கள் பாதிக்குமேல் அழிந்துவிட்டன. எட்டாம் வகுப்புப் பையன் ஒருவன் ஆட உட்கார்ந்தான். குகேஷ், பிரக்ஞானந்தா எல்லாரையும் தெரிந்து வைத்திருந்தான். ஆரோனைத் தெரியவில்லை. டவுங்கூவைச் சொன்னேன். யூவேயைச் சொன்னேன், அந்தப் பதினைந்து நாளைச் சொன்னேன். 23ஆம் இடத்தையும் சொன்னேன். கொஞ்ச நேரம் பலகையையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"எங்க பாட்டியும் கப்பல்லதான் வந்தாங்களாம் அண்ணா" என்றான். அப்புறம் குதிரையை எடுத்து வைத்தான். நல்ல நகர்த்தல்.