எசேக்கியா பாடம் எடுக்கிறவர்களுக்கு: தண்ணீரிலிருந்து தொடங்குங்கள்

திருநெல்வேலிச் சீமையில் வேதபாடம் எடுக்கிறவர்களுக்கு யூதாவை ஆண்ட எசேக்கியா ராஜாவைப் போல வாய்ப்பான ராஜா வேறு கிடையாது. காரணம் தண்ணீர். குளம், மடை, வாய்க்கால், வாட்டம் என்றால் என்னவென்று நம்ம பிள்ளைகளுக்கு யாரும் புதிதாகச் சொல்லித்தர வேண்டியதில்லை. ஆனாலும் ஞாயிறு பள்ளியிலும் வி.பி.எஸ். என்கிற விடுமுறை வேதாகமப் பள்ளியிலும் பெரும்பாலும் ஒரே இராத்திரியில் விழுந்த 1,85,000 அசீரியப் படைவீரரில் பாடம் தொடங்கி, ராஜா வியாதிப் படுக்கையில் சுவர்ப்புறமாகத் திரும்பி அழுததில் முடிந்துவிடுகிறது. மலையைக் குடைந்து கொண்டுவந்த தண்ணீரை விட்டுவிட்டால் அவருடைய 29 வருஷ ஆட்சி பிடிபடாது.

முதலில் இரண்டு பெயர்க் குழப்பங்களைத் தீர்த்துவிடுங்கள். எசேக்கியா வேறு, எசேக்கியேல் வேறு. எசேக்கியேல் தீர்க்கதரிசி நூறு வருஷத்துக்குப் பிறகு பாபிலோன் சிறையிருப்பில் இருந்தவர். அடுத்தது கீகோன். ஆதியாகமம் 2-ல் வருகிற கீகோன் ஆறு. எருசலேமின் கீகோன் ஓர் ஊற்று. பிள்ளைகள் மனதில் தாமிரபரணி மாதிரி ஓர் ஆறு பதிந்துவிட்டால், அதைப் பாறைக்குள் திருப்பினதாகக் கற்பனை செய்துகொண்டு திணறுவார்கள்.

அந்த ஊற்று, ஊரின் கிழக்குச் சரிவின் அடிவாரத்தில், கீதரோன் பள்ளத்தாக்கின் ஓரத்தில் இருக்கிறது. சுண்ணாம்புப் பாறைக்குள்ளிருந்து விட்டு விட்டுப் பொங்குகிற ஊற்று. ஒரு நேரம் பீறிட்டு வரும், பிறகு தணியும். முற்றுகை போட வருகிறவனுக்கு ஊர் ஜனங்களைவிட அது கைக்கெட்டின தூரம். வருகிறவனுக்கு ஏன் இத்தனை தண்ணீர் கிடைக்க வேண்டும் என்று வெளியே ஓடினதை அடைத்தார்கள் என்கிறது 2 நாளாகமம் 32. தண்ணீரை ஊருக்கு உள்ளே தெற்குப் பக்கம் சீலோவாம் குளத்துக்குக் கொண்டுபோக வெட்டினதுதான் சுரங்கம்.

அதன் நீளம் 533 மீட்டர். இரண்டு முனைக்கும் நேர்த்தூரம் சுமார் 320 மீட்டர்தான், மீதியெல்லாம் வளைவு. இரண்டு கூட்டத்தார், ஒருவர் ஊற்றுப் பக்கமிருந்தும் மற்றவர் குளத்துப் பக்கமிருந்தும் உளியும் சம்மட்டியுமாக வெட்டிக்கொண்டே வந்து நடுவில் சந்தித்தார்கள். வளைவுக்குக் காரணம் பாறையின் இயற்கை வெடிப்பா, மேலேயிருந்து தட்டிக் காட்டின சத்தமா என்று ஆய்வாளர்கள் இன்னும் வாதாடுகிறார்கள். ஏதாவது ஒன்றைப் பிடித்துக்கொண்டு உறுதியாகச் சொல்லாதீர்கள்.

எனக்கு அந்த வளைவைவிட வாட்டம்தான் பெரிய அதிசயம். மொட்டைமாடிக்குத் தளம் போடுகிற கொத்தனாரைக் கேட்டால் பத்தடிக்கு ஒரு இஞ்சு இறக்கம் வேண்டும் என்பார். அந்தக் கணக்கில் 533 மீட்டருக்கு நாலு மீட்டருக்கு மேல் இறக்க வேண்டிவரும். இங்கே மொத்த இறக்கமே சுமார் 30 சென்டிமீட்டர். அதாவது பத்து மீட்டருக்கு அரை சென்டிமீட்டர் மாதிரி. ரசமட்டமும் டியூபும் இல்லாத காலம், எண்ணெய் விளக்கு வெளிச்சம், ஓர் ஆள் நுழைகிற அகலம்! ஆனாலும் தண்ணீர் ஓடினது. குளத்துப் பக்கம் கூரை சுமார் ஐந்து மீட்டர் உயரத்துக்கு நிற்பதற்கு, வழி திறந்த பிறகு தண்ணீர் ஓடும்படி அடியை இன்னும் தாழ வெட்டினதுதான் காரணம் என்று விளக்குகிறார்கள். வாய்க்கால் வெட்டுகிறவர்களுக்குத் தெரியும், வாட்டம் தப்பினால் மறுபடியும் அடியைத்தான் வெட்ட வேண்டும்.

சந்திக்கிற இடத்துக்குப் பக்கத்தில் தப்பான திசையில் வெட்டிக் கைவிட்ட துண்டுகள் உண்டு. உளித் தழும்புகளும் அந்த இடத்தில் திசை மாறுகின்றன. 1880-ல் குளத்து முனைக்குச் சற்று உள்ளே சிறுவர்கள் கண்ட ஆறு வரிக் கல்வெட்டு அந்த நிமிஷத்தைச் சொல்கிறது: இன்னும் மூன்று முழம் பாக்கி இருக்கையில் எதிர்ப்பக்கத்து ஆளின் குரல் கேட்டது, கோடரிக்கு எதிரே கோடரியாக வெட்டினார்கள், தண்ணீர் 1,200 முழம் ஓடிக் குளம் சேர்ந்தது. 533 மீட்டரை 1,200-ஆல் வகுத்தால் முழத்துக்கு 44 சென்டிமீட்டர் சொச்சம். பூக்கட்டுகிற அக்கா கையால் அளக்கிற முழம் ஏறக்குறைய அதேதான். கல்வெட்டு இப்போது இஸ்தான்புல் அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

வகுப்பில் காட்ட 5 மீட்டர் 33 சென்டிமீட்டர் கயிறு எடுங்கள். நூற்றில் ஒரு பங்கு அளவு. முனைகள் இரண்டும் 3 மீட்டர் 20 சென்டிமீட்டர் தள்ளி இருக்கும்படி வளைத்துத் தரையில் போட்டு, முனைக்கு ஒரு பிள்ளையைக் கண்ணைக் கட்டி உட்காரவைத்து, மற்றவன் குரலை வைத்தே தேடிவரச் சொல்லுங்கள். இந்த அளவில் மொத்த வாட்டம் மூன்றே மில்லிமீட்டர்.

இனி காலவரிசை. அதிகம் பேர் சறுக்குகிற இடம் இது. 2 இராஜாக்கள் 18, 19, 20 என்று அதிகாரம் வருகிறபடியே சம்பவமும் நடந்தது என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. ஆட்சி 29 வருஷம், வியாதிக்குப் பிறகு கர்த்தர் கூட்டிக் கொடுத்தது 15. கழித்தால் 14. அசீரியா ராஜா சனகெரிப் படையெடுத்து வந்ததும் 14-ம் வருஷமே. வியாதிப் படுக்கையிலேயே "இந்த நகரத்தை அசீரியா ராஜாவின் கைக்குத் தப்புவிப்பேன்" என்ற வாக்கும் வருகிறது (20:6). ஆகவே வியாதி, நகரம் அசீரியனுக்குத் தப்பின விடுதலைக்கு முந்தினது. பாபிலோனிலிருந்து வந்த தூதருக்குக் காட்டின நிறைந்த பொக்கிஷசாலையும் அப்படியே. 18-ம் அதிகாரத்தில் ஆலயக் கதவின் பொன் தகட்டைக்கூடக் கழற்றி அசீரியனுக்குக் கொடுத்தாயிற்றே, அதற்குப் பிறகு காட்ட என்ன இருந்திருக்கும்?

கரும்பலகையில் எழுத உறுதியான ஆண்டு சனகெரிப் படையெடுத்த கி.மு. 701. ஆட்சி தொடங்கின ஆண்டை எழுதாதீர்கள். வட இஸ்ரவேலின் தலைநகர் சமாரியா விழுந்தது அவருடைய 6-ம் வருஷம் என்பதை வைத்து எண்ணினால் 727 வரும், சனகெரிப் வந்தது 14-ம் வருஷம் என்பதை வைத்து எண்ணினால் 715 வரும். தகப்பன் ஆகாசோடு சேர்ந்து ஆண்ட வருஷங்கள் உண்டு என்று சிலர் சரிக்கட்டுகிறார்கள்.

எசேக்கியா சனகெரிபுக்குக் கட்டின கப்பத்தில் பொன் 30 தாலந்து (அந்தக் கால எடை அளவு) என்று வேதமும் சனகெரிபின் களிமண் சாசனமும் ஒத்துப்போகின்றன. வெள்ளிதான் வேதத்தின் 300-க்கு எதிராகச் சாசனத்தில் 800. பிடித்த அரணான பட்டணங்கள் 46 என்று எண்ணிச் சொல்லுகிறவன், எருசலேமைப் பற்றிப் பேசும்போது எசேக்கியாவைக் கூண்டுக் குருவிபோல அடைத்தேன் என்பதோடு நிறுத்துகிறான், பிடித்தேன் என்று சொல்லவில்லை. யூதாவின் லாகீஸ் பட்டணத்தைப் பிடித்ததை அரண்மனைச் சுவர் முழுக்கச் செதுக்கினவன் அவன்.

நிகுஸ்தான் என்கிற வெண்கலச் சர்ப்பத்தை உடைத்தது 2 இராஜாக்கள் 18:4-ல் இருக்கிறது. ஆலயத்தைப் 16 நாளில் சுத்திகரித்தது, பஸ்காவை இரண்டாம் மாதத்துக்குத் தள்ளிவைத்தது எல்லாம் 2 நாளாகமம் 29 முதல் 31 வரை தெளிவாக இருக்கிறது, வாசித்தாலே போதும்.

சனகெரிப் அனுப்பின அதிகாரி ரப்சாக்கே நின்ற இடத்தை மட்டும் நிதானமாகச் சொல்லுங்கள். மேல் குளத்தண்டை, வண்ணார் துறைக்குப் போகிற வழி. ஏசாயா 7-ல் தகப்பன் ஆகாசைத் தீர்க்கதரிசி சந்தித்து, பயப்படாதே என்று சொன்னதும் அதே இடம். தகப்பன் கேட்கவில்லை, அசீரியனுக்கு ஆள் அனுப்பினார். அந்த அசீரியனுடைய ஆள் இப்போது அதே குளத்தண்டை நின்று, மதில்மேல் இருக்கிறவர்களுக்குக் கேட்கும்படி யூத பாஷையில் கத்துகிறான். சரணடைந்தால் அவனவன் தன் தன் கிணற்றுத் தண்ணீரைக் குடிக்கலாம் என்கிறான். மதிலுக்கு உள்ளே சீலோவாம் குளம் இருக்கையில் இந்த ஆசைகாட்டல் எடுபடவில்லை என்று வகுப்பு முடிக்கத் தோன்றும். அதற்கு முன் ஏசாயா 22:11-ஐயும் வாசித்துவிடுங்கள். இரண்டு மதில்களுக்கு நடுவே குளம் உண்டாக்கினீர்கள், அதைச் செய்தவரையோ நோக்காமற்போனீர்கள் என்று அந்த ஜனங்களையே தீர்க்கதரிசி கண்டிக்கிறார்.

கல்வெட்டில் ராஜாவின் பெயர் எங்கே என்று ஒரு பிள்ளையாவது கேட்கும். அந்த ஆறு வரியில் எசேக்கியா பெயரும் இல்லை, கர்த்தருடைய நாமமும் இல்லை. வெட்டின ஆட்கள், முழக்கணக்கு, பாறைக்குள் கேட்ட குரல், இவ்வளவுதான் இருக்கிறது.