வாலைப் பிடித்து இழுக்காதீர்கள்

திமிங்கிலம் கரையேறிய இடத்துக்கு எல்லோருக்கும் முன்னால் வந்து சேர்வது கயிறு. யாராவது ஒருவர் படகிலிருந்து அவிழ்த்து வந்து வாலில் முடிச்சுப் போட்டிருப்பார். பார்வைக்கு அதுதான் வாகான இடம். ஒடுங்கியிருக்கிறது, கயிறு நழுவாது, இழுத்தால் உடம்பு கூடவே வரும். திமிங்கில வேட்டைக் கப்பல்களிலும் அதே இடத்தில்தான் சங்கிலி பூட்டினார்கள். செத்த உடலை இழுத்துப்போக அதைவிட நல்ல பிடி கிடையாது. உயிரோடிருப்பதை இழுக்க அதைவிட மோசமான பிடியும் கிடையாது.

பல டன் எடையை வாலில் கட்டி இழுத்தால் முதுகெலும்பின் கடைசி மூட்டுகள் விலகும். மேலே காயம் எதுவும் தெரியாது. ஆனால் அந்த வால் இனி நீந்த உதவாது. பின்பக்கமாக இழுபடும்போது தலை தண்ணீரில் அமிழும். மூச்சுத்துளை இருப்பது தலை உச்சியில். படகு வேகமெடுத்தால் அதன் வழியே நீர் இறங்கி, காப்பாற்ற நினைத்த உயிர் ஆழ்கடல் போய்ச் சேர்வதற்குள் மூழ்கியே செத்திருக்கும்.

2016 ஜனவரி 11 மாலையில் திருச்செந்தூருக்குத் தெற்கே ஆலந்தலை, கல்லாமொழி, மணப்பாடு கரைகளில், ஓங்கில் குடும்பத்தைச் சேர்ந்த உருண்டைத் தலை பைலட் திமிங்கிலங்கள் கூட்டமாக ஒதுங்கின. எண்பதுக்கு மேல். மீனவர்களும் அரசுத் துறையினரும் இரவு முழுக்கத் தண்ணீரில் நின்று தள்ளினார்கள். படகில் கட்டி ஆழத்துக்கு இழுத்துப்போய் விட்டார்கள். விட்டவற்றில் பல திரும்பவும் கரைக்கே வந்தன. பாதிக்கும் மேற்பட்டவை செத்துப்போய்க் கரையிலேயே குழிவெட்டிப் புதைக்கப்பட்டன. அந்தக் கடலோரத்துக்கு இது முதல் தடவையுமில்லை. 1973 ஜனவரியில் அதே தூத்துக்குடிக் கரையில் 147 பைலட் திமிங்கிலங்கள் ஒதுங்கியதை மீன்வள ஆய்வாளர்கள் பதிவு செய்திருக்கிறார்கள்.

இழுத்துப்போய் விட்டது ஏன் திரும்பி வருகிறது? சாகவேண்டும் என்று முடிவெடுத்து வருவதாகப் பத்திரிகைகள் எழுதும். அது வீண் பேச்சு. கரையில் கிடக்கும் உறவுகளின் குரல் அதற்குக் கேட்டுக்கொண்டே இருக்கிறது, அதனால் வருகிறது. பைலட் திமிங்கிலக் கூட்டம் தாய்வழிக் குடும்பம். பாட்டி, தாய், பிள்ளைகள் என்று பிரியாமல் திரிவது. பெண் 40 வயதுக்குள் பேறு நின்றுவிட்ட பிறகும் 60 வயது தாண்டி வாழும். கணவாய் தேடிக் கூட்டமாக ஆழத்தில் முங்குவதும், கூட்டமாக மேலே வருவதும் அதற்குப் பழக்கம். நோயாலோ, வழி அறிய அது எழுப்பும் ஒலியைச் சரிவு குறைந்த மணற்கரை சரியாகத் திருப்பியனுப்பாததாலோ, ஒன்று தடம் மாறினால் மற்றவை விட்டுவிட்டுப் போவதில்லை.

இந்தக் குடும்பக் கணக்கு நமக்குத் தெரியவந்த வழியை நினைத்தால் கொஞ்சம் சங்கடமாக இருக்கும். பெண்ணுக்குப் பேறு நிற்கும் வயதைக் கண்டறிந்த 1984ஆம் ஆண்டு ஆய்வு, ஜப்பானியக் கரையில் வேட்டையாடப்பட்ட உடல்களின் பல்லையும் சூலகத்தையும் அறுத்துப் பார்த்து எழுதப்பட்டது. கூட்டம் பிரியாது என்பது அதற்கும் வெகுமுன்னரே வட அட்லாண்டிக்கின் பேரோ தீவுகளில் தெரிந்திருந்தது. அங்கே 1584 முதல் வேட்டைக் கணக்கு எழுதி வைத்திருக்கிறார்கள். படகுகள் கூட்டத்துக்குப் பின்னால் பிறை வடிவில் நின்று, கயிற்றில் கட்டிய கல்லைத் தண்ணீரில் எறிந்து அரவம் எழுப்பி, விரிகுடாவுக்குள் விரட்டும். முன்னால் போகிறவை மணலில் ஏறினால் பின்னால் வருகிறவையும் ஏறும். மீட்புக்காரர்கள் இன்று செய்வது இதையேதான், திசையைத் திருப்பிப்போட்டு. பிறை கரைப்பக்கம் நிற்கும். இயந்திரம் மெதுவாக உறுமும். படகின் பக்கப் பலகையைத் தட்டிக் கூட்டத்தைக் கடல்முகமாக நகர்த்துவார்கள். 2017 பிப்ரவரியில் நியூசிலாந்தின் ஃபேர்வெல் ஸ்பிட்டில் 400க்கு மேல் ஒதுங்கியபோது, படகு போதாமல் ஆட்களே கைகோத்து இடுப்பளவு நீரில் சங்கிலியாக நின்று திரும்பி வருபவற்றை மறித்தார்கள்.

வேலையின் வரிசைக்கு வருவோம். முதல் அரைமணியில் எதையும் தள்ளக்கூடாது. எண்ண வேண்டும். எத்தனை உயிரோடு, எத்தனை குட்டி, எது எதன் பக்கத்தில் கிடக்கிறது என்று ஒருவர் குறித்துக்கொண்டே நடக்க வேண்டும். தாயும் குட்டியும் தனித்தனியே கடலுக்குப் போனால் இரண்டுமே திரும்பி வரும். இன்னொருவருக்குக் கூட்டத்தை விலக்கும் வேலை. தலையருகே நின்று படம் எடுப்பவர்கள் மூச்சுக்காற்றுக்கு நேரே நிற்பார்கள். அதில் மனிதருக்கு ஒட்டும் கிருமிகள் உண்டு, முகக்கவசம் வேண்டும். வால் பக்கம் நிற்பவர்களுக்கு ஆபத்து வேறு மாதிரி. ஒரு வீச்சு போதும், கால் எலும்பு முறியும்.

அடுத்தது நிமிர்த்துவது. பக்கவாட்டில் கிடந்தால் அலை அடிக்கும்போதெல்லாம் மூச்சுத்துளை நனையும். நாலைந்து பேர் சேர்ந்து, துடுப்பைப் பிடிக்காமல், உடம்புக்கு அடியில் விரிப்பை நுழைத்து உருட்டி வயிற்றின்மேல் படுக்கவைக்க வேண்டும். இருபக்கத் துடுப்புக்கும் கீழே மண்வெட்டியால் குழி பறித்துவிட வேண்டும். இல்லாவிட்டால் முழு எடையும் துடுப்பின் மூட்டில் உட்காரும். குழியில் ஊறும் தண்ணீர் கூடுதல் லாபம். அது துடுப்பைக் குளிர்விக்கும்.

குளிர்விப்பது என்றால் திமிங்கிலத்துக்கு வெயில் மட்டும் பிரச்சினை என்று நினைத்துவிடுகிறோம். தோலுக்கு அடியில் இருக்கும் கொழுப்புப் படலம் ஆழ்கடல் குளிருக்காக அமைந்த கம்பளி. அந்தக் கம்பளியைச் சுற்றிக்கொண்டு மணலில் கிடந்தால் உள்ளே இருக்கும் சூடு வெளியே போக வழியில்லை. வழி இருப்பது மூன்றே இடங்களில்: பக்கத் துடுப்பு, முதுகுத் துடுப்பு, வால் மடல். அங்கே கொழுப்பு குறைவு, ரத்தக் குழாய்கள் மேலாக ஓடுகின்றன. வாளித் தண்ணீர் முதலில் அங்கே போக வேண்டும். முதுகில் வெள்ளை வேட்டியோ படுக்கை விரிப்போ நனைத்துப் போடலாம். கறுப்புத் தார்ப்பாய் போட்டால் அடுப்பு மூட்டியது போலாகும். துணியின் விளிம்பு மூச்சுத்துளைக்கு ஒரு முழமாவது தள்ளியே நிற்க வேண்டும். காற்றில் பறந்து மூடிவிடாமல் ஓரத்தில் மணலை வைக்க வேண்டும். மோட்டார் குழாயைத் தலைக்கு நேராகப் பிடிப்பது அடிக்கடி நடக்கும் தவறு. மோதிரம், கடிகாரம், நகம் எல்லாம் அந்தத் தோலில் கீறல் போடும். தோல் பார்க்கத்தான் ரப்பர் மாதிரி தடித்திருக்கும். தொட்டால் அவித்த முட்டையின் மேற்பரப்பு.

இத்தனையும் செய்தாலும் உள்ளே ஒரு கணக்கு ஓடிக்கொண்டிருக்கும். தண்ணீரில் எடையே இல்லாமல் மிதந்த உடம்பு. வளர்ந்த ஆண் 7 மீட்டர் வரை நீளும், 3 டன்னைத் தொடும். மணலில் அந்த எடை தன் தசையையே நசுக்குகிறது. நசுங்கிய தசையிலிருந்து கசியும் புரதம் சிறுநீரகத்தை அடைக்கும். நன்றாக நீந்திப் போனது நாலாம் நாள் சாவதற்கு இது ஒரு காரணம். மூச்சு மேலோட்டமாக, இடைவெளி குறைந்து வர ஆரம்பித்தால் அதைக் கடைசிக்கு வைத்துவிட்டு அடுத்ததைப் பார்ப்பதே சரி. கேட்கக் கடுமையாக இருக்கும். ஆனால் ஆளும் நேரமும் அளவாகவே இருக்கும் கரையில் வேறு வழி இல்லை.

மற்ற நாட்டுக் கையேடுகளை அப்படியே நம் கரைக்குக் கொண்டுவர முடியாது. ஃபேர்வெல் ஸ்பிட்டில் ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் உள்ள வித்தியாசம் நாலு மீட்டரை நெருங்கும். ஆறுமணி நேரம் காத்திருந்தால் கடலே வந்து தூக்கிவிடும். மன்னார் வளைகுடாவில் அந்த வித்தியாசம் ஒரு மீட்டர்கூட இல்லை. ஓதம் ஏறினாலும் மேட்டில் கிடப்பதன் வயிறு நனையும், அவ்வளவுதான். அதனால் இங்கே பொக்லைனுக்கு ஒரு நல்ல வேலை உண்டு. திமிங்கிலத்தைத் தூக்க அதை விடக்கூடாது. கடல்பக்கமிருந்து வாய்க்கால் தோண்டிக்கொண்டு வர வேண்டும். இடுப்பளவு நீர் நிற்கிற வாய்க்கால் ஒன்று, அந்த வாய்க்கால்வரை விரிப்பில் வைத்து நகர்த்த பதினைந்து இருபது பேர். இரண்டு காற்றுக் குழாய்களுக்கு நடுவே விரிப்பு கட்டிய மிதவை கிடைத்தால் வேலை பாதி. கிடைக்காத இடத்தில் தடித்த தார்ப்பாயின் இரண்டு ஓரத்தையும் மூங்கிலில் சுருட்டிப் பிடிக்கலாம்.

பொறுமை இழப்பது தண்ணீருக்கு வந்தபின்தான். மிதந்துவிட்டதே என்று கையை எடுத்துவிடுகிறோம். பல மணி நேரம் ஒரே பக்கம் கிடந்த உடம்பில் ஒருபக்கத் தசை விறைத்திருக்கும், நிதானம் தவறியிருக்கும். விட்டவுடன் சாய்ந்து வட்டமடித்துக் கரைக்கே வரும். அரைமணி நேரமாவது இருபுறமும் ஆள் நின்று நிமிர்த்திப் பிடித்து, தொட்டில் போல மெல்ல ஆட்டிக்கொடுக்க வேண்டும். அதைவிட முக்கியம், முதலில் மிதந்ததை முதலில் அனுப்பக்கூடாது. மார்பளவு நீரில் எல்லாவற்றையும் ஒன்றாகச் சேர்த்து, தலை கடல் பார்த்தபடி நிறுத்தி, ஒருசேர விட வேண்டும். அதற்குள் முதல் ஆள் இரண்டு மணி நேரம் தண்ணீரில் நின்று விறைத்திருப்பார். அவருக்கு மாற்று ஆள் வேண்டும். இந்த மாற்று ஆளைக் கணக்கில் சேர்க்காத திட்டம்தான் பெரும்பாலும் நடுவில் குலைகிறது.

2020 நவம்பர் 2 அன்று கொழும்புக்குத் தெற்கே பாணந்துறையில் நூறுக்கு மேல் பைலட் திமிங்கிலங்கள் ஒதுங்கின. கொரோனா ஊரடங்கு நேரம். ஊர்க்காரர்கள், கடற்படை, கடலோரக் காவல்படை எல்லோரும் இரவு முழுக்க அலைக்குள் நின்றார்கள். நீர்மோட்டார் வண்டிகள் ஒவ்வொன்றாக ஆழத்துக்குக் கொண்டுபோயின. விடியும்போது இறந்தவை ஒருசில மட்டுமே. அதே ஆண்டு செப்டம்பரில் ஆஸ்திரேலியாவின் டாஸ்மேனியா தீவில் மக்குவாரி துறைமுகத்தில் ஏறத்தாழ 470 சிக்கி, 380 அளவில் செத்தன. அங்கே உயிரோடு இருந்தவற்றைப் படகின் பக்கவாட்டில் தூளி கட்டித் தாங்கி, துறைமுக வாயைத் தாண்டி வெளிக்கடலில்தான் விட்டார்கள். உள்ளேயே விட்டால் குரல் கேட்டுத் திரும்பும் என்பது முதல் நாளிலேயே தெரிந்துபோயிற்று.

இறந்தவற்றுக்கும் வேலை இருக்கிறது, அதுவும் உடனே. நீளத்தை உடம்பின் வளைவில் நாடா ஓட்டி அளந்தால் கணக்கு தப்பும். மேல்தாடை நுனியிலிருந்து வால் பிளவு வரை உடலுக்கு இணையாக நேர்கோட்டில் அளக்க வேண்டும். இந்த அளவுமுறை வேட்டைக்காரர்களின் அறுப்புத் தளத்தில் பிறந்தது. 1930களில் திமிங்கில உடலில் எண் பொறித்த எஃகுக் குழலைச் சுட்டுச் செருகி, பிறகு கொழுப்பு காய்ச்சும்போது அதைத் தேடியெடுத்து, எங்கிருந்து எங்கே போயிற்று என்று கண்டுபிடித்தார்கள். இன்று முதுகில் செயற்கைக்கோள் கருவி ஒட்டுகிறோம். அதற்குத் திமிங்கிலம் சாகவேண்டியதில்லை. 20ஆம் நூற்றாண்டில் மட்டும் 29 லட்சம் அளவில் கொன்ற பிறகு, 1982இல் சர்வதேசத் திமிங்கில ஆணையம் வணிக வேட்டையை நிறுத்தத் தீர்மானித்தது. ஜப்பான் 2019இல் ஆணையத்திலிருந்தே விலகிக்கொண்டது தனிக்கதை.

எல்லாக் கடற்கரையும் வேட்டைக்காரக் கரையாக இருந்ததில்லை. வியட்நாமின் ஃபான் தியட்டில் 1762இல் கட்டிய மீனவர் கோயிலில் 22 மீட்டர் எலும்புக்கூட்டைச் சாமியாக வைத்திருக்கிறார்கள். ஒதுங்கிய திமிங்கிலத்தை முதலில் பார்த்தவர் மூத்த மகனாக நின்று துக்கம் காக்க வேண்டும். இதற்கு நேரெதிர் 1970இல் அமெரிக்காவின் ஓரிகன் கரை. நெடுஞ்சாலைத் துறை அரை டன் டைனமைட் வைத்து ஓர் உடலை வெடித்தது. துண்டுகள் வாகன நிறுத்தம்வரை பறந்து ஒரு காரின் கூரையை நசுக்கின. பெரும்பகுதி உடல் கிடந்த இடத்திலேயே கிடந்தது.

புதைக்கும்போது குழி அலை எட்டும் கோட்டுக்கு மேலே இருக்க வேண்டும். உடலுக்கு மேல் இரண்டு மீட்டராவது மண் வேண்டும். ஊதிய வயிற்றை முன்னதாகவே, காற்று வரும் திசையில் நின்று, நீண்ட கம்பால் குத்திக் காற்றை இறக்க வேண்டும். உடலை வெட்டவேண்டி வந்தால், கொழுப்பு கத்தியை மழுக்கிவிடும். ஓர் உடலுக்கு நாலு கத்தியும் ஒரு சாணைக்கல்லும் என்று வைத்துக்கொள்ளலாம். வாசனைத் திரவியத்துக்காக விலைபோகும் அம்பர் கிடைக்கும் என்று இரவில் வயிற்றைக் கிழிக்க வருகிறவர்களிடம் ஒன்று சொல்லிவைப்பது நல்லது. அது எண்ணெய்த் திமிங்கிலத்தின் குடலில், அதிலும் நூற்றில் சிலவற்றில் மட்டுமே உருவாவது. பைலட் திமிங்கிலத்தில் கிடையாது. 1972 வன உயிரினச் சட்டத்தின் முதல் அட்டவணையில் இருக்கும் விலங்கு என்பதால் ஒரு பல்லை எடுத்துப்போனாலும் வழக்குத்தான்.

விட்டனுப்பும்போது முதுகுத் துடுப்பில் அழிந்துபோகும் வண்ணக்கட்டியால் ஒரு எண் போட்டுவிட வேண்டும். மறுநாள் விடியுமுன் வடக்கே இரண்டு பேரும் தெற்கே இரண்டு பேரும் பத்துக் கிலோமீட்டராவது கரையோரம் நடக்க வேண்டும். எண் போட்டது கிடந்தால் அது நேற்று விட்டது. எண் இல்லாதது கிடந்தால் கூட்டத்தில் இன்னும் சில வெளியே நிற்கின்றன, படகுகளைத் திரும்பவும் கூப்பிட வேண்டும்.